இரண்டு எண் கொண்ட வழக்குக் கட்டு

சென்னை உயர் நீதிமன்றத்தின் பணி வழக்குத் தீர்ப்புகளில் 2006, 2007 ஆண்டு எண்களைத் தாங்கியவற்றைப் புரட்டினால் ஒரு விஷயம் கண்ணில் படும். தலைப்பில் ரிட் மனு எண் இருக்கும். பக்கத்திலேயே அடைப்புக்குறிக்குள் ‘ஓ.ஏ.’ என்று தொடங்கும் இன்னோர் எண் இருக்கும். முன்னது 2006 என்றால் பின்னது 1999, 1996 என்று பின்னோக்கிப் போகும். மனு ஒன்றுதான், மனுதாரரும் ஒருவர்தான். அவர் முதலில் போய் நின்ற இடம் நடுவில் மூடப்பட்டுவிட்டது. அங்கே தீராமல் கிடந்த கட்டுகளை அள்ளிவந்து உயர் நீதிமன்றத்தில் இறக்கிப் புது எண் போட்டார்கள்.

அரசு ஊழியருக்கும் அரசுக்கும் வரும் தகராறை யார் விசாரிப்பது? ஏறக்குறைய நூறு ஆண்டுகளாக இந்தக் கேள்விக்கான விடை மாறிக்கொண்டே வந்திருக்கிறது. விடை மாறும்போதெல்லாம் கட்டுகளும் இடம் மாறின. அப்படி ஒரு கட்டின் பின்னாலேயே நடந்து பார்க்கலாம். இது இன்னாருடையது என்று பெயர் சொல்ல முடியாத கட்டு; அந்தக் காலத்து வழக்குகள் பலவற்றுக்கும் பொதுவானவற்றைச் சேர்த்துக் கட்டியது. மனுதாரர் ஒரு மாவட்டத்தில் வருவாய்த் துறை உதவியாளர். காலம் 1990களின் நடுப்பகுதி.

கட்டின் முதல் தாள் ஒரு மெமோ. ஏதோ ஒரு கோப்பில் தாமதம், அல்லது ஒரு சான்றிதழில் தவறு என்று விளக்கம் கேட்டு வந்தது. அடுத்த தாள் குற்றக் குறிப்பாணை. தமிழ்நாடு குடிமைப் பணிகள் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளில் 17(அ) சிறு தண்டனைக்கான வழி, 17(ஆ) பெருந்தண்டனைக்கான வழி. ‘செவன்டீன் பி’ என்ற சொல்லைக் கேட்டாலே அலுவலகத்தில் மற்றவர்கள் குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள். தண்டனை வந்த பிறகுதான் பாதிப்பு என்பதில்லை. அந்தக் குறிப்பாணை நிலுவையில் இருக்கும்வரை பதவி உயர்வுப் பட்டியலில் பெயர் தாண்டிப் போய்விடும். எழுத்து மூலம் விளக்கம், விசாரணை அதிகாரி நியமனம், சாட்சிகள், விசாரணை அறிக்கை, அதன்மேல் இன்னொரு விளக்கம், இறுதி ஆணை என்று ஒவ்வொரு படியிலும் ஒரு மேசை, ஒவ்வொரு மேசையிலும் சில மாதங்கள். அதற்குள் இளையவர்கள் துணை வட்டாட்சியர் ஆகிவிடுகிறார்கள். நம் மனுதாரருக்குக் கடைசியில் கிடைத்தது ஊதிய உயர்வு நிறுத்தம். மேல்முறையீடு செய்தார். பதில் இல்லை. நினைவூட்டு அனுப்பினார். அதற்கும் பதில் இல்லை. அனுப்பியதற்கான அஞ்சல் அத்தாட்சிகளும் கட்டில் சேர்ந்தன.

இவரே ஆங்கிலேயர் காலத்து ஊழியராக இருந்திருந்தால் கட்டு இந்த இடத்தோடு நின்றிருக்கும். அந்நாளில் அரசு ஊழியர் மன்னரின் விருப்பம் உள்ளவரை பணியில் இருப்பவர். விருப்பம் தீர்ந்தால் வேலை தீர்ந்தது. இந்தக் கோட்பாட்டைக் கடைசிவரை போய்ச் சோதித்துப் பார்த்தவர் சென்னைக்காரர். சென்னை அரசு அச்சகத்தில் ரீடராக இருந்த வெங்கட ராவ், தன்னை விதிப்படி விசாரிக்காமல் நீக்கினார்கள் என்று உரிமையியல் வழக்குப் போட்டார். அந்தக் கட்டு கடல் கடந்து லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. விதிகளை அரசு பின்பற்றத்தான் வேண்டும், ஆனால் பின்பற்றவில்லை என்பதற்காக ஊழியர் நீதிமன்றத்தில் வழக்காட முடியாது, மேலதிகாரிகளிடம் முறையிடுவதே வழி என்று பிரிவி கவுன்சில் சொன்னது. 1937ஆம் ஆண்டின் சட்ட அறிக்கைகளில் பதிவான தீர்ப்பு அது. அதே காலத்தில் சென்னை மாகாணத்திலிருந்தே போன ரங்காச்சாரி என்ற காவல் துறை உதவி ஆய்வாளரின் வழக்கில் ஒரு சிறு இடைவெளி திறந்தது. நியமித்தவருக்குக் கீழ்ப்பட்ட அதிகாரி பணிநீக்கம் செய்யக் கூடாது என்று நாடாளுமன்றச் சட்டமே சொல்லியிருந்ததால், அதை மீறிய நீக்கம் செல்லாது என்றார்கள். விதியை மீறினால் கேட்க நாதியில்லை, சட்டத்தை மீறினால் கேட்கலாம் என்ற அளவுக்கே அன்றைய நீதி எட்டியது.

1950இல் அரசமைப்புச் சட்டம் வந்தபோது பழைய கோட்பாடு முழுக்க விடைபெறவில்லை. 310ஆம் பிரிவு ‘விருப்பம் உள்ளவரை’ என்பதைக் குடியரசுத் தலைவர், ஆளுநர் பெயரில் வைத்துக்கொண்டது. அதன் கையைக் கட்டிப்போடுவது போல அடுத்ததாக 311 வந்தது. நியமித்தவருக்குக் கீழானவர் நீக்கக் கூடாது; குற்றச்சாட்டைச் சொல்லி, வாய்ப்புக் கொடுத்து, விசாரித்த பிறகே நீக்கம், பதவியிறக்கம் எல்லாம். எல்லாவற்றுக்கும் மேலாக, உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட 226ஆம் பிரிவு வழி கொடுத்தது. சம்பள பாக்கி கேட்டு அரசு ஊழியர் வழக்குப் போட முடியாது என்ற ஆங்கில மரபை, பீகார் காவல் துறையைச் சேர்ந்த அப்துல் மஜீத் வழக்கில் 1954இல் உச்ச நீதிமன்றம் ஒதுக்கித் தள்ளியது. விரும்பினால் உள்ளூர் முன்சீப் நீதிமன்றத்தில் விளம்புகை கேட்டும் வழக்குப் போடலாம். ஒரு கதவும் இல்லாமல் இருந்த இடத்தில் இப்போது இரண்டு, மூன்று கதவுகள்.

கதவு திறந்ததும் கூட்டம் சேர்ந்தது. பணிமூப்புத் தகராறுகள்தான் மிகப் பெரிய தலைவலி. நேரடியாகத் தேர்வானவர் மேலா, பதவி உயர்வில் வந்தவர் மேலா என்ற ஒரே கேள்வி ஒவ்வொரு துறையிலும் பத்து, இருபது ஆண்டுகள் ஓடியது. ஒருவர் வென்றால் நூறு பேரின் இடம் மாறும். அந்த நூறு பேரும் அடுத்த வழக்குப் போடுவார்கள். வருமான வரி அதிகாரிகளின் பணிமூப்பு பற்றிய கே.கே. தத்தா வழக்கில், 1980இல், இத்தகைய தகராறுகளுக்குத் தனித் தீர்ப்பாயம் வேண்டும் என்று உச்ச நீதிமன்றமே எழுதியது. அந்த யோசனைக்கு அப்போதே அரசமைப்பில் இடம் ஒதுக்கியாகிவிட்டது. நெருக்கடி நிலைக் காலத்தில் 1976இல் நிறைவேறிய 42ஆவது திருத்தம் 323-அ என்ற பிரிவைச் சேர்த்திருந்தது. அரசுப் பணி தொடர்பான வழக்குகளுக்கு நாடாளுமன்றம் தீர்ப்பாயம் அமைக்கலாம்; அமைத்தால் உச்ச நீதிமன்றத்தின் சிறப்பு அனுமதி மேல்முறையீட்டைத் தவிர மற்ற எல்லா நீதிமன்றங்களின் அதிகாரத்தையும் விலக்கலாம் என்றது அது. கதவுகளை அடைத்து ஒரே வாசல் வைப்பதற்கான அனுமதிச் சீட்டு.

ஒன்பது ஆண்டுகள் அந்தச் சீட்டு பயன்படாமல் கிடந்தது. 1985இல் நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டம் வந்தது. அந்த ஆண்டு நவம்பர் 1 அன்று மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் பணியைத் தொடங்கியது. இன்றும் அதை எல்லோரும் ‘கேட்’ என்றே சொல்கிறார்கள். மாநிலம் கேட்டால் மாநிலத்துக்கும் தனித் தீர்ப்பாயம் அமைக்கலாம். ஒவ்வோர் அமர்விலும் சட்டம் தெரிந்த நீதித் துறை உறுப்பினர் ஒருவர், அரசு நிர்வாகத்தில் ஊறிய நிர்வாக உறுப்பினர் ஒருவர். எந்த அரசாணை எதனால் வந்தது, ஒரு பட்டியல் எப்படித் தயாராகிறது என்று தெரிந்தவரும் நீதி மேடையில் உட்கார்ந்தால் தீர்ப்பு சீக்கிரம் வரும், நடைமுறைக்கும் பொருந்தும் என்பது கணக்கு. மனுக் கட்டணம் நூறு ரூபாயைத் தாண்டக் கூடாது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் சடங்குகள் கட்டுப்படுத்தாது. இயற்கை நீதி போதும். வக்கீல் வைக்கலாம், ஊழியர் தானே நின்றும் வாதாடலாம்.

உயர் நீதிமன்றத்தின் அதிகாரத்தையே பறித்துவிட்டார்களே என்று எழுந்த எதிர்ப்பு எஸ்.பி. சம்பத் குமார் வழக்காக உச்ச நீதிமன்றம் போனது. வழக்கு நடக்கும்போதே சட்டத்தைத் திருத்த வேண்டியிருந்தது. உச்ச நீதிமன்றத்தில் நேரடியாக ரிட் போடும் உரிமை காப்பாற்றப்பட்டது. 1986 டிசம்பரில் வந்த தீர்ப்பு, உயர் நீதிமன்றத்துக்கு நிகரான மாற்று அமைப்பு என்றால் சம்மதம் என்றது. அரசுச் செயலாளராக இருந்தது ஒன்றே தீர்ப்பாயத் தலைவராகப் போதும் என்ற தகுதியை அடித்தது. நிகரானதாக இருக்க வேண்டும் என்றால் உட்காருகிறவர்களும் நிகராக இருக்க வேண்டும் என்பதுதான் நிபந்தனை. அந்த நிபந்தனையைச் சுற்றித்தான் பிறகு வந்த நாற்பது ஆண்டுச் சண்டையும். தீர்ப்பாய நியமனங்களில் அரசின் பிடியை எதிர்த்து மெட்ராஸ் பார் அசோசியேஷன் திரும்பத் திரும்ப உச்ச நீதிமன்றம் போனதும் இதே காரணத்துக்காகத்தான்.

தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயம் 1988இல் பிறந்தது. அதோடு கட்டுகளின் முதல் பெயர்ச்சி நடந்தது. சட்டத்தின் 29ஆம் பிரிவு, தீர்ப்பாயம் அமைந்த நாளில் மற்ற நீதிமன்றங்களில் நிலுவையில் இருக்கும் பணி வழக்குகள் தாமாகவே அங்கே மாறிவிடும் என்று சொல்லியிருந்தது. உயர் நீதிமன்றத்தின் ரிட் மனுக்களும் முன்சீப் நீதிமன்றத்து வழக்குகளும் ‘டி.ஏ.’, அதாவது மாற்றப்பட்ட மனு, என்ற புது எண்ணோடு தீர்ப்பாய அலமாரிக்குப் போயின. புதிதாகத் தாக்கலாகிறவை ‘ஓ.ஏ.’, அதாவது மூல மனு, ஆயின. பணிக்காலம், பதவி உயர்வு, பணிமூப்பு, ஒழுங்கு நடவடிக்கை, கட்டாய ஓய்வு, ஊதியம், ஓய்வூதியம், விடுப்பு என எல்லாம் ‘பணி விவகாரம்’ என்ற ஒரே குடையின் கீழ் வந்தன.

நம் மனுதாரரின் கட்டு அங்கே நுழைந்த விதத்தைப் பார்ப்போம். சட்டத்தின் 20ஆம் பிரிவு, துறைக்குள் இருக்கும் மேல்முறையீட்டு வழிகளை முடித்துக்கொண்டு வா என்கிறது. மேல்முறையீட்டுக்குப் பதில் வரவில்லை என்றால் ஆறு மாதம் காத்திருந்தால் போதும். 21ஆம் பிரிவு, இறுதி ஆணையிலிருந்தோ அந்த ஆறு மாதம் முடிந்ததிலிருந்தோ ஓராண்டுக்குள் வந்துவிட வேண்டும் என்கிறது. கேட்பதற்கு நேர்மையான ஏற்பாடுதான். ஆனால் ஊழியரின் பழக்கம் வேறு. மேலதிகாரியோடு பகை வேண்டாம், இன்னொரு மனு கொடுத்துப் பார்ப்போம், சங்கத்துக்காரர்கள் பேசிப் பார்க்கட்டும் என்று தள்ளிப் போடுவார். தள்ளிப் போட்டது போதும் என்று வக்கீலிடம் வரும்போது காலக்கெடு கடந்திருக்கும். அதைச் சரிக்கட்ட ஒரு தந்திரம் உருவானது: புதிதாக ஒரு கோரிக்கை மனு கொடுப்பது, அதைப் பரிசீலிக்கச் சொல்லித் தீர்ப்பாயத்தில் ஆணை வாங்குவது, துறை நிராகரித்ததும் அந்த நிராகரிப்பையே புதிய ஆணையாகக் காட்டி வழக்குப் போடுவது. தமிழ்நாடு புவியியல் மற்றும் சுரங்கத் துறையில் 1982இல் பணி முடிக்கப்பட்ட ஒருவர், பதினெட்டு ஆண்டுகள் கழித்து 2000இல் கொடுத்த மனுவிலிருந்து கிளம்பிய சி. ஜேக்கப் வழக்கு இதற்குச் சான்று. ‘பரிசீலியுங்கள்’ என்ற ஆணை செத்துப்போன உரிமைக்கு உயிர் கொடுக்காது என்று 2008இல் உச்ச நீதிமன்றம் அந்த வழக்கில் தெளிவாக்கியது.

நம் கட்டு காலக்கெடுவுக்குள் வந்துவிட்டது என்றே வைத்துக்கொள்வோம். வக்காலத்து, மனு, மெமோவில் தொடங்கி அஞ்சல் அத்தாட்சி வரையான தாள்களின் தட்டச்சுத் தொகுப்பு, துறைத் தலைவரும் மாவட்ட ஆட்சியரும் எதிர்மனுதாரர்கள். பிழை காட்டித் திருப்பியதைச் சரிசெய்து கொடுத்த பிறகு எண் ஆனது. நோட்டீஸ் போனது. அரசுத் தரப்பு பதிலுரைக்கு வாய்தா வாங்கியது. துறையிலிருந்து குறிப்புரை வரவில்லை என்று மறுபடியும் வாய்தா. உதவியாளர் தன் ஊரிலிருந்து இரவுப் பேருந்தில் சென்னை வந்து, சாயங்காலம் வேறொரு தேதியோடு திரும்பினார்.

கட்டு அலமாரியில் இருந்தபோதே டெல்லியில் அதன் தலைவிதி மாறியது. 1997 மார்ச் 18 அன்று, தலைமை நீதிபதி ஏ.எம். அகமதி தலைமையிலான ஏழு நீதிபதிகள் எல். சந்திர குமார் வழக்கில் தீர்ப்பளித்தார்கள். உயர் நீதிமன்றத்தின் ரிட் அதிகாரமும் உச்ச நீதிமன்றத்தின் 32ஆம் பிரிவு அதிகாரமும் அரசமைப்பின் அடிப்படைக் கட்டமைப்பைச் சேர்ந்தவை; அவற்றை நாடாளுமன்றத் திருத்தத்தாலும் பறிக்க முடியாது என்றார்கள். தீர்ப்பாயங்கள் தொடரலாம், முதல் விசாரணை அங்கேயே நடக்கும், நேராக உயர் நீதிமன்றம் போகக் கூடாது. ஆனால் தீர்ப்பாயத்தின் முடிவை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதி அமர்வு பரிசீலிக்கலாம். அதற்கு முந்தைய பத்தாண்டு நிலையை நினைத்துப் பார்த்தால் இதன் கனம் புரியும். தீர்ப்பாயத்தில் தோற்ற ஓர் எழுத்தருக்கு அடுத்த படி டெல்லி உச்ச நீதிமன்றம் மட்டுமே. அந்த வழி செலவு மிக்கது, எட்டாதது, ஆகவே உண்மையான நிவாரணம் ஆகாது என்று அந்தத் தீர்ப்பே ஒப்புக்கொண்டது.

ஊழியருக்கு இது நல்ல சேதி. தீர்ப்பாயத்துக்கோ அஸ்திவாரம் ஆடியது. உயர் நீதிமன்றத்தின் சுமையைக் குறைக்கத்தான் தீர்ப்பாயம். அதன் முடிவும் உயர் நீதிமன்றத்துக்கே போகும் என்றால் நடுவில் ஒரு படி கூடியது தவிர மிச்சம் என்ன என்று மாநில அரசுகள் கேட்கத் தொடங்கின. மத்தியப் பிரதேசம் தன் தீர்ப்பாயத்தை மூடியது. அது செல்லும் என்று 2004இல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

தமிழ்நாட்டில் தீர்ப்பாயத்தின் கொள்ளளவைச் சோதித்த நாள் 2003 ஜூலையில் வந்தது. ஓய்வூதியச் சலுகைகள் உள்ளிட்டவற்றைக் குறைத்ததை எதிர்த்து அரசு ஊழியர்களும் ஆசிரியர்களும் வேலைநிறுத்தம் செய்தார்கள். அரசு ‘எஸ்மா’ என்று அறியப்பட்ட அத்தியாவசியப் பணிகள் சட்டத்தையும் அதைத் திருத்திய அவசரச் சட்டத்தையும் கொண்டு சுமார் 1,70,000 பேரை விசாரணை இல்லாமலே பணிநீக்கம் செய்தது. உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுக்கள் குவிந்தன. தனி நீதிபதி இடைக்கால நிவாரணம் கொடுத்தார். இரு நீதிபதி அமர்வு அதை ரத்து செய்து, தீர்ப்பாயம் இருக்கிறது, அங்கே போங்கள் என்றது. சந்திர குமார் தீர்ப்பைச் சொல்லுக்குச் சொல் பின்பற்றினால் அது சரிதான். ஆனால் சுமார் 1,70,000 ஓ.ஏ.க்களை எந்த அலமாரி தாங்கும்?

இந்தப் பணிநீக்கங்கள் பற்றிய டி.கே. ரங்கராஜன் வழக்கில் அந்த ஆண்டு ஆகஸ்ட் 6 அன்று உச்ச நீதிமன்றம் இரண்டு விஷயம் சொன்னது. அரசு ஊழியருக்கு வேலைநிறுத்தம் செய்ய அடிப்படை உரிமையும் இல்லை, சட்ட உரிமையும் இல்லை, தார்மிக உரிமையும் இல்லை என்பது முதலாவது. தொழிற்சங்கங்கள் இன்றுவரை ஆறாத புண்ணாகப் பேசுவது இதைத்தான். மிக மிக விதிவிலக்கான இந்தச் சூழலில், ஆயிரக்கணக்கானவர்களைத் தீர்ப்பாயத்துக்கு அனுப்பினால் அதனால் நீதி வழங்க இயலாது, ஆகவே உயர் நீதிமன்றம் மனுக்களைத் தானே எடுத்திருக்க வேண்டும் என்பது இரண்டாவது. இது அவ்வளவாகப் பேசப்படவில்லை. அதிகார வரம்பு என்பது சட்டப் புத்தகத்தில் எழுதியிருந்தால் மட்டும் போதாது, அந்த வாசலில் ஆள் நுழைய முடிய வேண்டும் என்று அந்த வரிகள் சொல்லாமல் சொல்லின. பெரும்பாலானவர்களைத் திரும்பச் சேர்த்துக்கொள்ள அரசு நீதிமன்றத்தின் முன் ஒப்புக்கொண்டதால் அந்த வெள்ளம் வடிந்தது.

அடுத்த சில ஆண்டுகளில் தமிழ்நாடு தீர்ப்பாயமும் மூடப்பட்டது. நம் கட்டு இரண்டாவது எண்ணைப் பெற்றது அப்போதுதான். ஓ.ஏ. எண் அடைப்புக்குறிக்குள் போய், ரிட் மனு எண் முன்னே வந்தது. தீர்ப்பாயத்தில் எழுதிய கோரிக்கையே ரிட் மனுவின் கோரிக்கையாகக் கருதப்பட்டது. 1988இல் உயர் நீதிமன்றத்திலிருந்து டி.ஏ. ஆகப் போன கட்டுகளில் அதுவரை தீராதது ஏதாவது இருந்திருந்தால், அது கிளம்பிய இடத்துக்கே மூன்றாவது எண்ணோடு திரும்பியிருக்கும். ஒரு நன்மையும் கூடவே நடந்தது. 2004 ஜூலையில் மதுரைக் கிளை திறந்திருந்ததால், தென் மாவட்ட ஊழியர்கள் புதிய வழக்குகளுக்குச் சென்னைக்கு இரவுப் பேருந்து ஏற வேண்டியதில்லை.

புது எண் வந்த கட்டு விசாரணைக்கு வந்தபோது உதவியாளருக்கு ஓய்வு வயது நெருங்கிவிட்டது. இவரைப் போன்றவர்கள் பலருக்கு வந்த தீர்ப்பின் வடிவம் இது: தண்டனை ரத்து, இளையவர் பதவி உயர்வு பெற்ற நாளிலிருந்து இவருக்கும் ‘நோஷனல்’ உயர்வு. அதாவது, துணை வட்டாட்சியராக இருந்ததாகக் கணக்கில் மட்டும் எழுதிக்கொள்ளலாம். அந்த வேலையைச் செய்யாததால் பழைய நிலுவைச் சம்பளம் இல்லை. ஓய்வூதியம் மட்டும் கொஞ்சம் உயரும். துறை அத்தோடு விடும் என்பதும் நிச்சயமில்லை. தனி நீதிபதியின் தீர்ப்பின் மேல் ரிட் அப்பீல் போடலாம், அதற்கு மேல் டெல்லி இருக்கிறது.

இன்று யார் எங்கே போக வேண்டும் என்பது ஊழியரின் சம்பளச் சீட்டைப் பொறுத்தது. தமிழ்நாடு அரசு ஊழியருக்கு உயர் நீதிமன்றத்தில் தனி நீதிபதி, பிறகு இரு நீதிபதி அமர்வு, பிறகு உச்ச நீதிமன்றம். மத்திய அரசு ஊழியருக்கு முதலில் கேட், பிறகு உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதி அமர்வு, பிறகு உச்ச நீதிமன்றம். பெரம்பூர் ஐ.சி.எஃப். தொழிலாளியும் வருமான வரி அலுவலக எழுத்தரும் கேட்டின் சென்னை அமர்வுக்குப் போவார்கள். கிராமத்தில் தபால் பட்டுவாடா செய்யும் கிராமிய அஞ்சல் ஊழியரும் அங்கேதான். அவர் வகிப்பதும் ஒரு குடிமைப் பதவிதான் என்று 1977இல் ராஜம்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அரசு வங்கி ஊழியர் கேட்டுக்குப் போக முடியாது. போக்குவரத்துக் கழக ஓட்டுநருக்குத் தொழிலாளர் நீதிமன்றம். உயர் நீதிமன்றத்தின் சொந்த ஊழியர்களையும் கீழமை நீதிமன்ற ஊழியர்களையும் 1985ஆம் ஆண்டுச் சட்டம் தன் இரண்டாம் பிரிவிலேயே விலக்கி வைத்திருக்கிறது. அவர்கள் ரிட் மனுவோடு உயர் நீதிமன்றத்துக்கே வர வேண்டும்.

பாதுகாப்புத் துறை இன்னும் நுணுக்கம். ஒரே முகாமின் மதில் சுவருக்குள், சீருடை அணிந்த சிப்பாயின் பணி வழக்கு 2007ஆம் ஆண்டுச் சட்டம் அமைத்த ராணுவப் படைகள் தீர்ப்பாயத்துக்குப் போகும். பக்கத்து அறையில் அதே அதிகாரியிடம் சம்பளப் பட்டியல் கொடுக்கும் குடிமை எழுத்தரின் வழக்கு கேட்டுக்குப் போகும். 1985ஆம் ஆண்டுச் சட்டத்தின் 14ஆம் பிரிவு, பாதுகாப்புப் பணி சார்ந்ததாக இருந்தாலும் சீருடை இல்லாதவர் வகிக்கும் பதவியை கேட்டின் எல்லைக்குள் வைத்திருக்கிறது. ஆனால் பாதுகாப்பு நிதியிலிருந்து சம்பளம் வாங்கும் அந்த எழுத்தருக்கு 311ஆம் பிரிவின் காப்பு கிடையாது என்று 1971இலேயே குரானா வழக்கில் முடிவாகிவிட்டது. குடிமை ஊழியர்களுக்கான வாசல் உண்டு, குடிமை ஊழியர்களுக்கான கவசம் இல்லை. ஆவடி கனரக வாகனத் தொழிற்சாலை 2021 அக்டோபரில் அரசு நிறுவனம் ஒன்றின் அங்கமாக மாறியபோது, அங்கிருந்தவர்கள் அரசு ஊழியர்களாகவே தொடர்ந்து அயற்பணியில் இருப்பதாகக் கொள்ளப்பட்டார்கள். ஊழியர்கள் அதை வற்புறுத்தியதற்குச் சம்பளம், ஓய்வூதியம் மட்டுமா காரணம்? அரசு ஊழியர் என்ற அடையாளம் போனால் வழக்குப் போடும் இடமும் போகும்.

மற்ற மாநிலங்களின் கதையும் இப்படி ஊசலாடியதுதான். கர்நாடகம், மகாராஷ்டிரம், மேற்கு வங்கம், கேரளம் ஆகியவை தீர்ப்பாயத்தை வைத்திருக்கின்றன. ஒடிசா 2019இல் மூடியது; ஓர் அரசு அமைத்ததை அந்த அரசே கலைக்கக் கேட்கலாம், 323-அ தீர்ப்பாயம் அமைக்க அனுமதிக்கிறதே தவிர கட்டாயப்படுத்தவில்லை என்று 2023இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றது. இமாச்சலப் பிரதேசத்தில் 1986இல் பிறந்த தீர்ப்பாயம் 2008இல் மூடி, 2015இல் திறந்து, 2019இல் மறுபடியும் மூடியது. ஒவ்வொரு முறையும் கட்டுகள் வண்டியேறின. திறந்தபோது சொன்ன காரணம் விரைவான நீதி. மூடியபோது சொன்ன காரணமும் விரைவான நீதியே.

இந்த இடமாற்றங்களில் ஒரு செலவு எந்தக் கணக்கிலும் ஏறவில்லை. நிலத் தகராறு இருபது ஆண்டு நடந்தாலும் தீர்ப்பு வரும் நாளில் நிலம் இருக்கும். பணித் தகராறில் தகராறுப் பொருளே காலம். 58, 60 என்று தேதி குறித்துவிட்ட ஒரு பணிக்காலத்துக்குள் தீர்ப்பு வந்தால்தான் பதவியில் உட்கார முடியும். அதற்குப் பிறகு வந்தால் எண்களாக மட்டுமே கிடைக்கும். யாருக்கு அதிகாரம் என்று அரசமைப்பு அறிஞர்கள் வாதிட்ட ஒவ்வோர் ஆண்டும் யாரோ ஒருவரின் பணிக்காலத்திலிருந்து கழிந்தது.

தீர்ப்பாயமா, உயர் நீதிமன்றமா என்பதில் இரண்டு பக்கமும் நியாயம் உண்டு. தீர்ப்பாயத்தில் துறை அறிவு உண்டு. ஆனால் உறுப்பினர் நியமனம் அரசின் கையில், அரசே எதிர்த்தரப்பு. உயர் நீதிமன்றத்தில் சுதந்திரம் உண்டு. ஆனால் பணி வழக்கு ஜாமீன், நிலம், வரி எல்லாவற்றோடும் வரிசையில் நிற்க வேண்டும். இரண்டில் எதுவானாலும் மூடும்போதும் திறக்கும்போதும் நிலுவைக் கட்டுகளுக்குப் பழைய தேதியின் முன்னுரிமையை உறுதிசெய்யாத சட்டம் மனுதாரரின் செலவில் நடத்தும் பரிசோதனை. அதைவிட முக்கியமான ஒரு வரி 1985ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே இருக்கிறது. மேல்முறையீட்டுக்கு ஆறு மாதத்தில் பதில் வரும் என்று 20ஆம் பிரிவு எதிர்பார்க்கிறது. அந்தப் பதிலை, தோற்பதாக இருந்தாலும் காரணம் சொல்லி, துறைத் தலைவர் கையெழுத்திட்டு அனுப்பும் வழக்கம் இருந்திருந்தால், எங்கே விசாரிப்பது என்று நாடு இவ்வளவு காலம் வாதாடிய கட்டுகளில் பல கட்டப்படவே தேவையிருந்திருக்காது.